சமாதானத்துக்கு ஒரு கைரேகை

சைதாப்பேட்டை கோர்ட்டு வராந்தாவில் காலை ஒன்பது மணியிலிருந்து தேவானை குந்தியிருந்தாள். தி.நகரில் மரத்தடியில் துணி தேய்ப்பவள். இன்று இஸ்திரிப் பெட்டியில் கரி போடவில்லை. மடியில் மஞ்சள் பை. அதற்குள் பேங்க் நோட்டீஸும், ஜெயிலில் போட்டுவிட்டால் கட்டிக்கொள்ள ஒரு மாற்றுப் புடவையும் இருந்தன.

பக்கத்தில், அதே தெருவில் இட்லி விற்கும் ஹாஜிரா பீ. அவளுக்கும் அதே நோட்டீஸ்தான்.

"துட்டு கையால தொடலன்னு சொல்லிடு. நீ சொன்னா நானும் சொல்லிடுவேன்," என்றாள் அவள்.

ஒன்பது வருஷத்துக்கு முன்பு, தள்ளுவண்டி வாங்க லோன் என்று சொல்லி அந்தத் தெருவில் பன்னிரண்டு பெண்களிடம் கைரேகை வாங்கிப் போனவர் சிதம்பரநாதன். ரேஷன் கார்டானாலும் சரி, பிளாட்பாரத்தில் கடை போடுவதானாலும் சரி, அந்த ஏரியாவில் அவரைத் தாண்டி எதுவும் நடக்காது. வண்டியும் வரவில்லை, பணமும் வரவில்லை. யாரும் போய்க் கேட்கவும் இல்லை. இப்போது பேங்க் கேஸ் போட, கோர்ட்டு அதை மக்கள் நீதிமன்றத்தில் பேசித் தீர்க்க அனுப்பியிருந்தது.

பியூன் பெயரைக் கூப்பிட்டதும் தேவானை எழுந்தாள். கால் மரத்திருந்தது.

மேசைக்குப் பின்னால் மூன்று பேர். நடுவில் ரிட்டயரான ஜட்ஜ், ஒரு பக்கம் பெண் வக்கீல். மறுபக்கம், சட்டைப்பையில் 'சமூக சேவகர்' என்று ரிப்பன் குத்திக்கொண்டு சிதம்பரநாதன் உட்கார்ந்திருந்தார்.

தேவானை மஞ்சள் பையை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"பயப்படாதேம்மா," என்றார் ஜட்ஜ். "இது சமாதானம் பேசற இடம். பேங்க்ல வட்டியைத் தள்ளிடறாங்க. அசல் ஐயாயிரத்தை மாசம் இருநூறு ரூபாயாக் கட்டிடறியா?"

"சாமி, அந்த லோனு நானு..."

சிதம்பரநாதன் மெதுவாகக் குறுக்கிட்டார். "நம்ம தேவானைதான் சார். ஏம்மா, பொண்ணு இன்னும் டைப்பிங் கிளாஸ் போய்க்கினு இருக்குதா? எட்டு மணிக்குத்தானே விடறாங்க? அந்த ரோட்ல லைட்டு கூட எரியறதில்ல, பாவம்."

அவர் முகத்தில் நல்ல சிரிப்பு இருந்தது.

"போவுதுண்ணே," என்றாள். தன் குரல் தனக்கே கேட்கவில்லை.

"லோனைப் பத்தி என்னமோ சொல்ல வந்தியே?" என்றார் ஜட்ஜ்.

"ஒண்ணுமில்ல சாமி. கட்டிடறேன்."

ஜட்ஜ் ஒரு நொடி அவளையே பார்த்தார். பிறகு அடுத்த கேஸ் கட்டை இழுத்துக்கொண்டார். மேசையோரம் நின்ற பேங்க் ஆபீசர் மை டப்பாவைத் திறந்தார். சமாதானப் பத்திரத்தில் அவள் ரேகை வைத்த இடத்துக்குக் கீழே ஜட்ஜும் வக்கீலும் கையெழுத்துப் போட, மூன்றாவதாகச் சிதம்பரநாதன் பேனாவைத் திறந்து நிதானமாகத் தன் பெயரை முழுசாக எழுதினார்.

"இதுக்கு மேல அப்பீல் கிடையாதும்மா. நல்லபடியா முடிஞ்சுது," என்றார் ஜட்ஜ்.

வெளியே வந்தவளின் கையைப் பிடித்தாள் ஹாஜிரா பீ. "சொல்லிட்டியா?"

தேவானை அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "வெரல வெக்கச் சொல்வாங்க. வெச்சிட்டு வந்துடு."

"இன்னாடி ஆச்சு?"

பியூன் கூப்பிட்டான். ஹாஜிரா பீ முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு வாசற்படியில் கால் வைத்தாள்.

"வாம்மா, உக்காரு," என்றது உள்ளேயிருந்து சிதம்பரநாதனின் குரல். "வீட்ல எல்லாரும் சௌக்கியமா?"

அவள் கால் படியிலேயே நின்றுவிட்டது.