மெக்கானிக் வீட்டுப் பியோனி

மனைவியின் அக்கா சாக்குப் பையோடு வாசலில் வந்து நின்றதுமே மெக்கானிக் தன் மனைவியைத் திரும்பிப் பார்த்தான்.

"எங்கடி உன் மகாராணி?"

மகாராணி சமையலறைக் கதவையொட்டிய பெரிய தொட்டியில் இருந்தாள். பியோனிச் செடி. குளிர் ஊர்ப் பூ. விரிந்தால் சாப்பாட்டுத் தட்டு அகலம் இருக்குமாம். இருக்குமாம், அவ்வளவுதான். கல்யாணமாகி இந்த வெயில் ஊருக்கு வரும்போது அவன் மனைவி மடியை விட்டு இறக்காமல் கொண்டுவந்த கிழங்கு, மூன்று வருடமாக இலையைக் காட்டியே ஏமாற்றியது.

"இந்த ஊர் அதுக்கு ஒத்துக்கல. பொறந்த எடத்துக்கே போகட்டும்" என்று போன வாரம் மனைவி சொல்லிவிட்டாள். செடியைத்தான் சொன்னாள். ஆனால் சொன்னபோது செடியைப் பார்க்கவில்லை. அன்றிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை. இன்று அக்காவின் பையில் கிழங்கு, நாளை மனைவியே கிளம்பிவிட்டால்?

அவன் என்ன குறை வைத்தான்? ஃப்ரிட்ஜ் ரிப்பேர் செய்கிறவன். குளிர்காலம் என்று பேருக்கு வந்துபோகும் நாட்களில், அவள் எழுந்திருக்கும் முன்பே செடியடியில் ஐஸ்கட்டி கொட்டினான். "செடிக்குக் காய்ச்சலா சார்?" என்று பக்கத்து வீட்டுக்காரர் கேட்டபோதும் அசரவில்லை.

அக்கா மண்ணைத் தோண்டினாள். தோண்டிக்கொண்டே போனாள்.

"அடியே! கண்ணு ரெண்டு விரலுக்குக் கீழ போனா பூக்காதுன்னு தெரியாதா உனக்கு?"

கிழங்கின் தலையில் சிவந்த முளைகள். அவைதான் கண். ஒரு சாண் ஆழத்தில் கிடந்தன.

"மேலாகத்தானே வெச்சேன்! யாரு இவ்வளவு மண்ணைப் போட்டது?"

"நான்தான்!" என்றான் மெக்கானிக், பெருமையாக. "வருஷா வருஷம் ஐஸ் போட்டு முடிச்சதும் மேல நல்லா மண்ணு அணைச்சிடுவேன். உள்ள எறங்குன குளிர் வெளிய போயிடக்கூடாதில்ல? ஃப்ரிட்ஜ் சுவருக்குள்ள ஃபோம் அடைக்கிறோமே, அந்த மாதிரி."

அக்கா தலையில் அடித்துக்கொண்டாள். "நல்லா அடைச்சீங்க தம்பி!"

அவன் முகம் விழுந்தது. மனைவி பனிக்கட்டியில் வெடித்திருந்த அவன் விரல்நுனிகளையே பார்த்தாள்.

"அக்கா, பையை மடி."

"ஏன்டி?"

"நான் சும்மா ஊரைத் திட்டிட்டு இருந்திருக்கேன். ஒத்துக்குமா ஒத்துக்காதான்னு இனிமேதான் பார்க்கணும்."

கிழங்கை உயர்த்தி வைத்தாள். அவன் பக்கம் திரும்பினாள்.

"ரெண்டு விரலைக் குறுக்க வைங்க."

வைத்தான். அந்த அளவுக்கே மண்ணை இழுத்து மூடினாள்.

"இதுக்கு மேல ஒரு பிடி விழுந்துச்சு, நானே மூட்டை கட்டிடுவேன்."

மெக்கானிக் அவசரமாக இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.