நாற்பத்து மூன்று ஷார்ட்கட்டுகள்

விளையாட்டு டீச்சருக்குக் காலில் சக்கரம் என்று பள்ளிக்கூடத்தில் எல்லோரும் சொல்வார்கள். அந்தக் காலில்தான் இப்போது மாவுக்கட்டு. கூடைப்பந்து பழக்கும்போது, உருண்டு வந்த பந்தின் மேலேயே மிதித்து, இடது கணுக்காலில் எலும்பு விரிசல் விட்டுப் போனது. ஆறு வாரம் தரையில் ஊன்றவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அவள் வீடு நான்காவது மாடியில், லிஃப்ட் கிடையாது. அதனால் பையும் ஊன்றுகோலுமாக அண்ணன் வீட்டுக் கூடத்துச் சோபாவில் வந்து விழுந்தாள்.

அண்ணன் ஓட்டுநர் உரிமத் தேர்வு அதிகாரி. வண்டி ஓட்டிக் காட்ட வருகிறவர்களின் பக்கத்து இருக்கையில் அட்டையும் பேனாவுமாக உட்கார்ந்து மதிப்பெண் போடுவது அவர் வேலை. வெளியே அவருக்கு ‘ஃபெயில் சார்’ என்று பெயர். சீட் பெல்ட் மாட்டுவதற்கு முன் சாவியைத் திருகினால் ஃபெயில். திரும்பிய பிறகு இண்டிகேட்டர் போட்டால் ஃபெயில். சொந்த மனைவியையே இரண்டு முறை ஃபெயிலாக்கியவர். மூன்றாவது முறை அவர் லீவு போட்ட நாளாகப் பார்த்துப் போய்த்தான் அண்ணி பாஸானாள்.

அண்ணிக்கு பேக்கரியில் வேலை. விடியும் முன் போனால் மத்தியானம் பன்னிரண்டரைக்கு வீடு திரும்பிவிடுவாள். கேக் மேல் பூ வரைவதில் அவளை அடித்துக்கொள்ள ஆளில்லை. ஆனால் நாத்தனாரும் அவளும் இத்தனை வருடத்தில் பேசிக்கொண்டதெல்லாம் மூன்றே வாக்கியம்தான்: வாங்க, சாப்பிட்டீங்களா, அப்ப நான் கிளம்பறேன். முதல் வாரம் இந்த மூன்றில் கடைசியும் பயன்படாமல் போகவே, இரண்டு பேரும் தவித்துப்போனார்கள். டீச்சர் தரையில் இருந்த ஓடுகளை எண்ணினாள். நூற்று எழுபத்தாறு. மறுநாள் அந்தக் கோடியிலிருந்து எண்ணினாள். அப்போதும் நூற்று எழுபத்தாறுதான்.

இரண்டாவது வாரம் ஒரு மத்தியானம், அண்ணி தன் ஃபோனில் இருந்த கேக் படங்களைக் கூடத்துக் கம்ப்யூட்டரில் ஏற்ற உட்கார்ந்தாள். இடமில்லை என்று கம்ப்யூட்டர் கைவிரித்தது.

“இது எப்படிங்க?” என்றாள் அண்ணி, திரையைப் பார்த்தபடியே. “எல்லா கேமையும்தான் உங்க அண்ணன் அழிச்சுட்டாரே!”

அழித்த கதை டீச்சருக்கும் தெரியும். போன வருடம் மகன் மேல்படிப்புக்காக வெளியூர் விடுதிக்குப் போவதற்கு முதல் நாள், அண்ணன் வீட்டில் எல்லோரையும் கூப்பிட்டு நிறுத்தினார். திரையில் இருந்த விளையாட்டுப் படங்களை ஒவ்வொன்றாக இழுத்துக்கொண்டு போய்க் குப்பைத்தொட்டியில் போட்டார். பிறகு தொட்டியையும் காலி செய்தார். காகிதம் கசங்குகிற சத்தம் வந்தது. “இத்தோட ஒழிஞ்சது சனியன்” என்று சொல்லிக் கையைக்கூடத் தட்டிக்கொண்டார். மகன் வாயே திறக்கவில்லை. பையன் திருந்திவிட்டான் என்று அண்ணிக்குக் கண் கலங்கியது.

இப்போது அவனுக்கே ஃபோன் போட்டாள்.

“மா, அப்பா பக்கத்துல இருக்காரா?” என்றான் அவன்.

“இல்லடா, வேலைக்குப் போயிருக்காரு.”

“நிஜமா?”

“அட, நிஜமாத்தான். அத்தைதான் இருக்கா.”

அவன் குரலைத் தாழ்த்திக்கொண்டான். பிறகு மெதுவாகச் சொன்னான். “மா, அப்பா அழிச்சது கேமை இல்ல, ஷார்ட்கட்டை. கதவுல இருந்த பேர்ப்பலகையைக் கழட்டித் தூக்கிப் போட்டுட்டாரு, அவ்வளவுதான். வீட்டுக்குள்ள எல்லாரும் சௌக்கியமா இருக்காங்க.”

“யாருடா எல்லாரும்?”

“வாத்து, ரேஸ் காரு, பீரங்கி… எல்லாரும்தான்.”

சோபாவிலிருந்து ஊன்றுகோல் தடாலென்று விழுந்தது. “அண்ணி! ஸ்பீக்கர்ல போடுங்க!”

அவன் மளமளவென்று சொன்னான். டி டிரைவைத் திற. கேம்ஸ் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதற்குள் ஐந்து ஃபோல்டர். வேண்டியதற்குள் போய், விளையாட்டைத் திறக்கும் ஃபைலின் மேல் ரைட் கிளிக் செய். சென்ட் டு என்று வரும். அதில் டெஸ்க்டாப்பைத் தொடு. முன்பக்கத்தில் படம் வந்து உட்கார்ந்துவிடும். “கிளாஸுக்கு நேரமாச்சு, அப்பாகிட்ட சொல்லிடாதீங்க” என்று வைத்துவிட்டான்.

டீச்சர் ஒற்றைக் காலில் நொண்டி வந்து அண்ணியின் பக்கத்தில் உட்கார்ந்தாள். வாத்து ஃபோல்டரைத் திறந்தால் உள்ளே முப்பது ஃபைல். எதைத் தொடுவது?

“இதோ, இதுல ஒரு டப்பா படம் போட்டிருக்கு. இதுவாத்தான் இருக்கும்” என்றாள் டீச்சர், எல்லாம் தெரிந்தவள் போல.

அண்ணி ரைட் கிளிக் செய்தாள். சென்ட் டு. டெஸ்க்டாப். முன்பக்கம் வந்து பார்த்தால், மூலையில் குட்டி அம்புக்குறியோடு ஒரு படம். அண்ணிக்குப் பெருமை தாங்கவில்லை. கேக்கில் கடைசிப் பூவை வைக்கிற பதவிசோடு அதை இரண்டு முறை தட்டினாள். ஏதோ ஒரு கேள்வி வந்தது. கேட்கிறவருக்கெல்லாம் ‘ஆமாம்’ சொல்லியே பழகிய கை, அங்கேயும் ‘ஆமாம்’ பக்கம் போனது.

பீ…ப் என்று விசில் பறந்தது. டீச்சர் கழுத்தில் எப்போதும் தொங்குகிற விசில். அண்ணியின் கை அந்தரத்தில் நின்றது.

“தொடாதீங்க அண்ணி! விளையாட்டை அடியோட நீக்கிடவான்னு கேக்குது!”

அண்ணி நாற்காலியோடு பின்னால் நகர்ந்தாள். “அடிப்பாவி! உங்க அண்ணனால ஒரு வருஷமா முடியாததை ஒரே நிமிஷத்துல முடிச்சிருப்பியேடி!”

சொன்ன பிறகுதான், ‘டி’ போட்டுவிட்டது அவளுக்கே உறைத்தது. டீச்சரைப் பார்த்தாள். டீச்சர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள். அதைப் பார்த்து அண்ணிக்கும் பற்றிக்கொண்டது. அன்றைக்கு இருவரும் சிரித்த சிரிப்பில், பக்கத்து வீட்டம்மா ஜன்னலைத் திறந்து என்ன ஆயிற்று என்று கேட்டாள்.

சரியான ஃபைல் அடுத்த முயற்சியில் அகப்பட்டது. திரையெங்கும் வாத்துகள். சிதறி ஓடுகிறவற்றை ஓட்டிக்கொண்டு போய்ப் பட்டியில் அடைக்க வேண்டும். பள்ளியில் அறுநூறு பிள்ளைகளை வரிசையில் நிறுத்துகிற டீச்சருக்குப் பதினைந்து வாத்தை நிறுத்த முடியவில்லை. “ஏய் மூணாவது வாத்து! உன்னைத்தான்!” என்று கத்தினாள். அண்ணியோ சத்தமே போடாமல் அத்தனையையும் உள்ளே தள்ளிக் கதவைச் சாத்தினாள்.

ஐந்து மணிக்கு அண்ணன் வருவார். நாலரைக்கு ஷார்ட்கட்டை அழித்தார்கள். மறுநாள் மத்தியானம் மறுபடி உண்டாக்கினார்கள். இப்படியே தினமும் நடந்ததில், விளையாடுவதைவிட உண்டாக்குவது சுவாரசியமாகிவிட்டது. டீச்சர் தன் ஸ்டாப் வாட்சை எடுத்தாள். ஃபோல்டரைத் திறப்பதிலிருந்து படம் வந்து உட்காரும் வரை கணக்கு. முதல் நாள் அண்ணிக்கு ஐம்பது விநாடி. மூன்றாம் நாள் இருபத்தெட்டு. நாலாவது வாரம் பதினொன்று.

“உலக சாதனை அண்ணி!”

“உலகத்துல வேற யாருடி இதைப் போட்டியா வச்சு விளையாடுறா?”

“அதனாலதான் உலக சாதனை!”

ஒரு வியாழக்கிழமை போட்டியின் சட்டத்தை மாற்றினார்கள். ஐந்து நிமிடத்தில் யார் அதிகம் உண்டாக்குகிறார்களோ அவர்களே வெற்றி. ஒரே விளையாட்டுக்கு எத்தனை வேண்டுமானாலும் போடலாம். கம்ப்யூட்டர் சலிக்காமல் ஒவ்வொன்றுக்கும் எண் கொடுத்து வரிசையில் வைத்துக்கொண்டே போனது. அண்ணி இருபத்து நான்கு, டீச்சர் பத்தொன்பது. ஆக நாற்பத்து மூன்று ஷார்ட்கட்டுகள், இடது ஓரத்திலிருந்து திரையின் பாதி வரைக்கும். இருவரும் அதைப் பார்த்து ரசித்துக்கொண்டிருந்தபோது, வாசலில் கார் நிற்கிற சத்தம் கேட்டது.

மணி மூன்று. தேர்வுக்கு வந்த ஒருவர் பிரேக் என்று நினைத்து ஆக்சிலரேட்டரை மிதித்து, தேர்வு மைதானத்தின் கேட்டைப் பெயர்த்துவிட்டார். தேர்வை ஒத்திவைத்துவிட்டு அண்ணன் சீக்கிரமே வந்துவிட்டார்.

திருடனுக்குத் தேள் கொட்டிய மாதிரி இருவரும் சத்தமில்லாமல் துடித்தார்கள்.

“எல்லாத்தையும் ஒண்ணாப் பிடிங்க அண்ணி! பிடிச்சாச்சா? டிலீட்டை அமுக்குங்க!”

அண்ணி அமுக்கினாள். ஆனால் பதற்றத்தில் அமுக்கியது டிலீட்டை அல்ல, எண்டரை.

நாற்பத்து மூன்றும் ஒரே நேரத்தில் திறக்க ஆரம்பித்தன. முதலில் ஒரு வாத்து கத்தியது. அப்புறம் எட்டு மந்தை வாத்து. அதன் மேல் கார் எஞ்சின்கள் உறுமின. பீரங்கி வெடித்தது. எங்கோ ஒரு கூட்டம் கைதட்டியது. பழைய ஸ்பீக்கர் மேஜை மேல் நடக்கவே தொடங்கிவிட்டது. அண்ணி அதன் மேல் சோபாத் தலையணையை வைத்து அழுத்தினாள். தலையணைக்குள்ளிருந்தும் வாத்துகள் கத்தின.

அண்ணன் வாசற்படியில் நின்றார். கையில் மதிப்பெண் அட்டை. கம்ப்யூட்டர் மூச்சு முட்டி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் கைவிட்டு, கடைசியில் ரேஸ் கார் விளையாட்டு ஒன்றை மட்டும் திரையில் நிறுத்திவிட்டு ஓய்ந்தது.

“இதெல்லாம்… நான் அழிச்சேனே?” என்றார்.

அவர் குரலில் கோபம் இல்லாததுதான் இருவரையும் சங்கடப்படுத்தியது. அண்ணி மென்று விழுங்கி, பெயர்ப்பலகைக் கதையைச் சொன்னாள். அவர் மெல்ல உட்கார்ந்தார். “அப்ப நான் ஒரு வருஷமா பலகையை மட்டும் கழட்டிட்டு, வீட்டையே இடிச்சதா நினைச்சுக்கிட்டு இருந்திருக்கேன். அவனும் ஒரு வார்த்தை சொல்லல. நீங்களும் சொல்லல.”

டீச்சருக்குப் பாவமாக இருந்தது. அவளுக்குச் சமாதானம் சொல்ல வராது; சவால் விடத்தான் வரும். “அதெல்லாம் இருக்கட்டும் அண்ணா. உனக்குக் கார் ஓட்டத் தெரியுமா?”

அண்ணன் தலையைத் தூக்கினார். இருபத்திரண்டு வருட உத்தியோகத்தில் அந்தக் கேள்வியை அவரிடம் யாரும் கேட்டதில்லை.

“தள்ளு” என்றார்.

நாற்காலியில் உட்கார்ந்து உயரத்தைச் சரி செய்தார். அவர் கை தன்னையறியாமல் தோள் பக்கம் போய் சீட் பெல்ட்டைத் தேடியது. டீச்சர் உதட்டைக் கடித்துக்கொண்டாள். திரையில் ஒரு நகரத் தெரு, பன்னிரண்டு கார்கள். கொடி அசைந்ததும் பதினொன்று பறந்தன. அண்ணன் இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு மெதுவாகக் கிளம்பினார். முதல் சிக்னலில் சிவப்பு விளக்கு. நின்றார்.

“என்னங்க, ரேஸுங்க!” என்றாள் அண்ணி.

“அதுக்கு? சிவப்பு, பச்சையாயிடுமா?”

ஒரு சுற்று முடித்துத் திரும்பி வந்த மஞ்சள் கார் அவரை உரசிவிட்டுப் போனது. “நம்பரை நோட் பண்ணு! நோட் பண்ணு!” என்று தங்கையின் மடியில் அட்டையை வீசினார். டீச்சர் எழுதினாள். நீலக் கார், தவறான பக்கத்தில் முந்தியது. கறுப்புக் கார், நடைபாதையில் ஏறியது. மற்றவர்கள் மூன்று நிமிடத்தில் முடித்த பந்தயத்தை அண்ணன் பத்தொன்பது நிமிடத்தில், ஒரு கீறலைத் தவிர பழுதில்லாமல் முடித்தார். திரையில் பெரிய எழுத்தில் வந்தது: தோற்றுவிட்டீர்கள்.

அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அட்டையை வாங்கி மேலிருந்து கீழே படித்தார்.

“இதுல ஒருத்தன்தான் பாஸ். மீதி பதினோரு பேரும் ஃபெயில்” என்று அறிவித்துவிட்டுச் சிரித்தார். முதலில் தோள் குலுங்கியது. பிறகு மூக்கிலிருந்து ஒரு சத்தம். பிறகு கண்ணில் தண்ணீர் வர, மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். அண்ணி அவர் முதுகில் சாய்ந்து சிரித்தாள். டீச்சர் மூச்சு வாங்க முடியாமல் விசிலை வாயில் வைத்தபடி சிரிக்க, ஒவ்வொரு சிரிப்புக்கும் விசில் அடித்தது.

சாயங்காலம் அண்ணனே மகனுக்கு ஃபோன் செய்தார். அப்பாவின் எண்ணைப் பார்த்ததுமே அவன், “அப்பா, நான் எல்லாத்தையும் விளக்கமா சொல்லிடறேன்” என்று ஆரம்பித்தான்.

“விளக்கமெல்லாம் அப்புறம். இண்டிகேட்டருக்கு எந்த பட்டன்?”

“அதுல இண்டிகேட்டரே கிடையாதுப்பா.”

“கிடையாதா? அப்புறம் அவனுங்களுக்கெல்லாம் எவன்டா லைசன்ஸ் கொடுத்தான்?”

அதற்குப் பிறகு ஷார்ட்கட்டுகளை ஒளிக்க வேண்டிய அவசியம் இல்லாமல் போனது. அண்ணன் முப்பத்தெட்டை அழித்தார். ஒவ்வொன்றுக்கு முன்பும், “இது பலகைதானே? வீடு இல்லையே?” என்று கேட்டுக்கொண்டார். மீதி ஐந்தை, பார்க்கிங் போடுகிற மாதிரி, சம இடைவெளி விட்டு நேர்க்கோட்டில் நிறுத்தினார். கேக் படங்களுக்கு மட்டும் இன்னும் இடம் கிடைக்கவில்லை. பீரங்கியை நீக்கலாமா என்று அண்ணி கேட்டபோது, அண்ணனும் தங்கையும் ஒரே குரலில் கூடாது என்றார்கள்.

ஆறாவது வாரம் மூவருமாக ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். டாக்டர் கட்டைப் பிரித்து, படம் எடுத்துப் பார்த்து, எலும்பு அருமையாகக் கூடிவிட்டது, இன்றைக்கே சொந்த வீட்டுக்குப் போகலாம், மாடியேறலாம் என்றார்.

டீச்சர் அண்ணியைப் பார்த்தாள். அண்ணி கூரையைப் பார்த்தாள். அண்ணன் ஒன்றும் தெரியாதவர் போல ஊன்றுகோலைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“இன்னும் லேசா வலி இருக்கு டாக்டர்” என்றாள் டீச்சர்.

“எந்த இடத்துலம்மா?”

டீச்சர் குனிந்து காட்டினாள். வலது காலை.

டாக்டர் அந்தக் காலையும், அவளுக்குப் பின்னால் சிரிப்பை அடக்கப் பல்லைக் கடித்துக்கொண்டு நின்ற இருவரையும் ஒரு முறை பார்த்தார். பிறகு பேனாவைத் திறந்து, “சரி, இன்னும் ஒரு வாரம் அண்ணன் வீட்டிலேயே ஓய்வு” என்று எழுதிக் கொடுத்தார்.