வீட்டில் யாருக்கும் தெரியாத ஒன்று

பாவ்னா ஈரப் பஞ்சால் உதட்டை ஒற்றியபோது அப்பா கண்ணைத் திறந்தார். அவளை ஒரு கணம் உற்றுப் பார்த்தார். பிறகு அந்த வறண்ட தொண்டையிலிருந்து ஊரறிந்த குரல் கணீரென்று வந்தது.

"வாங்க, வாங்க! உங்க பேரு என்ன? எந்த ஊர்லேர்ந்து வர்றீங்க?"

டிரிப்ஸ் குழாயைச் சரிசெய்துகொண்டிருந்த நர்ஸ் வைஷாலி சிரித்துவிட்டாள். "காலையிலேர்ந்து இதேதான்க்கா. என்கிட்டயும் கேட்டார். வைஷாலி, சாங்லின்னு சொன்னேன். சாங்லி வைஷாலிக்குப் பலமா ஒரு கைதட்டல்னாரு!"

பாவ்னாவுக்குச் சிரிப்பு வரவில்லை. முகம் சூடேறியது.

அப்பா லலித் கிர்பலானி ஒரு காலத்தில் சினிமா கதாநாயகன். முதல் படம் இருபத்தைந்து வாரம் ஓடியது. அடுத்த ஆறும் ஊற்றிக்கொண்டன. அப்புறம் கதாநாயகனின் நண்பன்; அதற்கும் அப்புறம் இடைவேளைக்கு முன்பே செத்துப்போகும் அண்ணன். அதுவும் நின்று, பாந்திரா வீட்டில் மூன்று வருடம் டெலிபோனைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். அப்போதுதான் ஒரு சேனலில் மத்தியான நிகழ்ச்சிக்குக் கூப்பிட்டார்கள். 'அக்கா, சொல்லுங்க' என்று பெயர். சின்ன ஊர்ப் பெண்கள் வருவார்கள். அவர்களோடு போட்டிபோட்டுச் சப்பாத்தி உருட்டுவார், தோற்றுப்போவார், தலையில் முக்காடு போட்டுக்கொண்டு நிற்பார். கடைசியில் மைக்கை நீட்டி ஒரு கேள்வி: "உங்க வீட்ல யாருக்கும் தெரியாத ஒண்ண எனக்கு மட்டும் சொல்லுங்க." பதினோரு வருடம் ஓடியது.

பள்ளியில் பாவ்னாவைக் கண்டால் பிள்ளைகள் முக்காடு போட்டுக் காட்டினார்கள். குழந்தைகள் தினச் சிறப்பு நிகழ்ச்சிக்கு அப்பா அவளைக் கூப்பிட்டபோது அவளுக்குப் பதினான்கு வயது. "ஹீரோவா இருந்தீங்க. இப்ப பொட்டிக்குள்ள கோமாளி. நானும் வந்து பக்கத்துல நிக்கணுமா?" என்றாள். அவர் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே, "சரிம்மா, வேண்டாம்" என்றார். அதன் பிறகு அவளை எதற்கும் கூப்பிட்டதில்லை.

"வெக்கப்படாதீங்க," என்றார் இப்போது. மைக் பிடிப்பதுபோல் விரல்களை மடக்கி அவள் வாயருகே நீட்டினார். "வீட்ல யாருக்கும் தெரியாத ஒண்ணு..."

"சும்மா ஏதாவது சொல்லுங்கக்கா, சந்தோஷப்படுவார்," என்றாள் வைஷாலி.

கதவு திறந்திருந்தது. வராந்தாவில் போன இரண்டு பேர் குரல் கேட்டு நின்றார்கள். ஒருவன் செல்போனை எடுத்தான்.

"பாபா, இது ஷூட்டிங் இல்ல. ஆஸ்பத்திரி. நான் பாவ்னா."

கொஞ்சம் அதட்டலாகவே வந்துவிட்டது. நீட்டிய கை அப்படியே நின்றது. அவர் கண்கள் அறையைச் சுற்றிவந்து அவளிடம் திரும்பின.

"அட, நீயா. ஆளு தெரியல. மன்னிச்சுக்கோம்மா."

கையைப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டார். அதுதான் அவர் கடைசியாகப் பேசியது.

மத்தியானம் வைஷாலி சாப்பிடப் போனபோது பாவ்னா எழுந்து கதவைச் சாத்தினாள். நாற்காலியை இழுத்துப்போட்டு அவர் காதருகே குனிந்தாள்.

"பாபா, இப்ப கேளுங்க."

மூச்சு மட்டும் ஏறி இறங்கியது.

"புனே ஹாஸ்டல்ல இருந்தப்ப மத்தியான வகுப்புக்கு நான் போனதே இல்ல பாபா. மெஸ்ல ஒரு டிவி இருந்துச்சு. சத்தத்தைக் குறைச்சு வச்சுக்கிட்டு..."

அதற்கு மேல் சொல்ல முடியவில்லை. அவர் காதில் விழுந்ததா என்றும் தெரியவில்லை. நாலரை மணிக்கு மூச்சு நின்றது.

மறுநாள் காலை வீட்டுக்குச் சினிமாக்காரர்கள் மூன்று பேர் வந்தார்கள். நிகழ்ச்சியில் கலந்துகொண்ட பெண்கள்தான் வந்துகொண்டே இருந்தார்கள். ரயிலேறி வந்தவர்கள், கையில் சாப்பாட்டுப் பையோடு வந்தவர்கள். பர்பணியிலிருந்து வந்த ஒருத்தி அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு பாவ்னா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"நல்லா விசில் அடிப்பேன்னு சொன்னேன். எங்க வீட்டுக்காரருக்கே அது தெரியாது. அண்ணன் மைக்கைப் பிடிச்சுக்கிட்டு, அடிங்கக்கான்னாரு. அடிச்சேன் பாருங்க! எங்க தெருவுல இன்னிக்கும் நான் விசில்காரிதான்." முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "நீங்க பொண்ணா? உங்கள டிவியில ஒரு நாளும் காட்டினதே இல்லையே. நான் அவர்கிட்டயே கேட்டேன். என் பொண்ணு பெரிய படிப்பாளிக்கா, அவளுக்கு இதுக்கெல்லாம் நேரம் கிடையாதுன்னாரு. அதைச் சொல்றப்போ அப்படி ஒரு பெருமை அவருக்கு."

பாவ்னா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். விடவில்லை.

மின்மயானத்தின் ஜன்னலுக்குள் எழுத்தர் படிவம் நிரப்பிக்கொண்டிருந்தார். பெயர் கேட்டார், வயது கேட்டார்.

"தொழில்?"

"சினிமா நடிகர்," என்றார் பின்னால் நின்ற அப்பாவின் பழைய நண்பர். எழுத்தர் எழுதத் தொடங்கினார்.

"டிவியையும் எழுதுங்க," என்றாள் பாவ்னா. "டிவியில நிகழ்ச்சி நடத்தினவர்."

எழுத்தர் கண்ணாடிக்கு மேலாக அவளைப் பார்த்தார். கட்டம் சின்னது. பேனாவைச் சாய்த்துப் பிடித்து நெருக்கி நெருக்கி எழுதினார். கடைசி நாலைந்து எழுத்துகள் கோட்டைத் தாண்டி அடுத்த கட்டத்துக்குள் போயின.