காசிலிங்கம் சாரின் ஏற்புரை

செக்ரட்டரி லிங்கராஜுக்குக் காது குளிரப் புகழ வேண்டும். கல்லூரியில் யார் ஓய்வு பெற்றாலும், வழியனுப்பு விழாவில் முன்வரிசையில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து ஏற்புரையைக் கேட்பார். அது திருப்தியாக இருந்தால்தான் பணிக்கொடைக் காகிதத்தில் கையெழுத்து விழும். அப்பா கட்டிய கல்லூரிக்கு மகன் போட்ட பாடத்திட்டம் இது. வாத்தியார்களும் வெட்கமில்லாமல் அதில் தேறிக்கொண்டிருந்தார்கள்.

காசிலிங்கம் சாரும் தேறினார். காலமெல்லாம் வேதியியல் சொல்லிக்கொடுத்த மனிதர், மேடையில் அப்படியே உருகி வழிந்தார். "இந்தக் கல்லூரி எனக்குத் தர வேண்டியதையெல்லாம் தந்துவிட்டது. இனி நான்தான் கடன்பட்டவன்" என்றார். அரங்கமே கைதட்டியது. அவர் மனைவி வடிவம்மாள் மட்டும் கையை மடியிலேயே வைத்துக்கொண்டாள்.

அவ்வளவு குழைந்தும் பணம் வரவில்லை. இன்றைக்கு நாளைக்கு என்று வருஷக்கணக்கில் இழுத்தடித்தார்கள். இதற்குள் வடிவம்மாளின் இரண்டு மூட்டும் தேய்ந்து, அடுக்களைக்கு நடப்பதே பெரும்பாடாகிவிட்டது. ஆபரேஷனுக்கு அந்தப் பணத்தை விட்டால் வேறு வழி கிடையாது. கடைசியில் தூத்துக்குடி கோர்ட்டில் வழக்குப் போட்டார் சார்.

லிங்கராஜின் வக்கீல் அந்த விழா வீடியோவையே சாட்சியமாகக் கொண்டுவந்து போட்டார். எல்லாம் பெற்றுக்கொண்டதாக அவரே சபையறியச் சொல்லியிருக்கிறார் என்பது வாதம். யாரும் நெருக்கவில்லை, மனமுவந்துதான் பேசினார் என்று சாட்சி சொல்ல ஞானதீபம் சார் வந்திருந்தார். அதே துறை, காசிலிங்கத்தின் டிபன் பாக்ஸில் பாதியைத் தின்றே காலத்தை ஓட்டியவர். சொல்லி முடித்துவிட்டு செக்ரட்டரியைப் பார்த்து ஓர் இளிப்பு வேறு.

அடுத்து காசிலிங்கம் கூண்டில் ஏறினார். மேடையில் பேசியது உண்மையா, பொய்யா என்று வக்கீல் கேட்டார். சார் லிங்கராஜ் உட்கார்ந்திருந்த பக்கம் பார்த்தார். இந்த மனுஷன் இங்கேயும் மரியாதை பார்த்தால் தன் கால் அவ்வளவுதான் என்று வடிவம்மாளுக்குத் தெரிந்தது.

"பொய்" என்றார் சார். "காகிதம் அவரு மேசையில கெடந்துச்சு. கையெழுத்துக்காகக் காக்கா பிடிச்சேன்."

அப்படியானால் நீங்கள் பொய் சொல்லக்கூடிய ஆள்தானே என்று வக்கீல் மடக்கினார்.

"ஆமா. அந்த மேடையில யாரும் சத்தியம் வாங்கல. இங்கன வாங்கியிருக்காங்க."

நீதிபதி குனிந்து எழுதிக்கொண்டார். லிங்கராஜ் செல்போனை நோண்ட ஆரம்பித்தார். இனி கவலையில்லை என்று தங்கள் வக்கீல் காதோடு சொன்னபோது, வடிவம்மாளுக்குப் புருஷன் மேல் கொஞ்சம் மதிப்பு வந்தது. கோபம் போகவில்லை. இந்த ஒற்றைச் சொல்லை அன்றைக்கே சொல்லித் தொலைத்திருக்கலாமே.

வராண்டாவில் ஞானதீபம் காத்திருந்தார். செக்ரட்டரியின் கார் கேட்டைத் தாண்டிவிட்டதா என்று எட்டிப் பார்த்துக்கொண்டு, ஓடிவந்து சாரின் கையைப் பிடித்தார். என் மனசில் இருந்ததை அப்படியே சொல்லிவிட்டீர்கள் என்று கண் கலங்கினார்.

வடிவம்மாள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "இத உள்ள வந்து சொல்லுங்க. ஜட்ஜு இன்னும் எந்திரிக்கல."

ஞானதீபம் பிடித்த கையை மெல்ல விட்டார்.

"எனக்கு மே மாசம் ரிட்டையர்மென்ட், மதினி."