சாவிக்காரிக்கு இரண்டு பிள்ளைகள்

ஹார்ட்விக் தன்னைப் பெற்றவளை யாரோ ஒருத்தி என்று சொல்ல ஆரம்பித்து அந்தச் செப்டம்பரோடு ஏழு வருஷம் முடிந்திருந்தது. ஏதோ ஒரு தடவை வாய் தவறிச் சொன்னதில்லை. மே மாதம் தொடங்கி அக்டோபர் வரைக்கும், வியாழனும் ஞாயிறும், பகல் பதினொன்றரை மணிக்கு, ஒன்பது பேரைச் சாட்சிக்கு வைத்துக்கொண்டு சொன்னான்.

உடனே அவனை அயோக்கியன் என்று முடிவு கட்டிவிட வேண்டாம். குடி கிடையாது, சூது கிடையாது. சிபியூ நகரத்தில் மனைவியோடு குடியிருந்துகொண்டு, ஒரு சுற்றுலாக் கம்பெனிக்கு வழிகாட்டியாகப் பிழைப்பவன். மூன்று நாளில் ஏழு கோட்டைத் தேவாலயங்களும் இரண்டு பழைய நகரங்களும் காட்டுவான். அதில் நான்காவது கோட்டை அவன் பிறந்த ஹோல்ட்ஸ்பாக். அந்தக் கோட்டையின் சாவி அவன் அம்மா ரோசினாவிடம் இருந்தது. தொண்ணூறாம் வருஷம் ஊரே மூட்டை கட்டிக்கொண்டு ஜெர்மனிக்குப் போனபோது, போகாமல் நின்ற, ஜெர்மன் பேசுகிற ஒரே சாக்ஸன் குடும்பம் அவர்களுடையது. அவன் அப்பாவும் இறந்துபோனபின், பூட்ட ஒரு ஆள் திறக்க ஒரு ஆள் என்றால் இரண்டும் அவள்தான்.

முதல் தடவை கூட்டம் கூட்டி வந்தபோது பெருமையாகத்தான் சொன்னான், "இவங்க எங்கம்மா" என்று. கூட்டத்தில் ஒருவன் சிரித்தான். "ஓகோ, குடும்பத் தொழிலா? அடுத்து மாமா கடைக்குக் கூட்டிட்டுப் போவீங்களா?" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். ஹார்ட்விக்குக் காது மடல் எரிந்தது. அடுத்த வாரம் வந்தவர்களிடம், "இந்த ஊரின் கடைசிப் பெண்மணி. பிள்ளைகள் எல்லாம் ஜெர்மனி போய்விட்டார்கள். தன்னந்தனியாகச் சாவியைக் காக்கிறார்" என்றான். ஒரு அம்மாள் கைக்குட்டையை எடுத்து மூக்கைச் சிந்தினாள். திரும்பிப் போனவர்கள் எல்லாரும் அந்தக் கிழவியைப் பற்றித்தான் எழுதினார்கள். கம்பெனி அவள் படத்தைத் துண்டுப் புத்தகத்தில் போட்டது. அதற்குப் பிறகு மாற்றிச் சொல்ல முடியுமா? புலி வாலைப் பிடித்த கதைதான்.

ரோசினா அன்று கூட்டம் போகும்வரை வாயே திறக்கவில்லை. வண்டி ஏறப் போனவனைக் கோட்டையை ஒட்டிய தன் வீட்டு அடுக்களைக்குள் இழுத்து நிறுத்தினாள்.

"டேய், பிள்ளைங்க போயிட்டாங்கன்னு சொல்லிட்டே, சரி. எத்தனை பிள்ளைன்னு சொல்லிட்டுப் போ. எந்த ஊர்ல இருக்காங்க? நாளைக்கு ஒருத்தன் கேட்டா நான் திருதிருன்னு முழிக்கணுமா?"

"ரெண்டு பேருன்னு சொல்லும்மா. ஸ்டுட்கார்ட்."

"கல்யாணம் ஆயிடுச்சா?"

"அம்மா!"

"ஆகியிருக்கட்டும். சின்ன மருமக கஞ்சப் பிசினாறி. அவதான் அவனை என்கூடப் பேச விடறதில்ல."

அந்தச் சின்ன மருமகளை அவள் ஏழு வருஷமாக ஆசை தீரத் திட்டினாள். கூட்டத்துக்கு ஏற்ற மாதிரி திட்டு கூடும், குறையும். ஹார்ட்விக்குச் சில நாள் சிரிப்பை அடக்குவதே பாடாகிவிடும். அம்மாவுக்கும் இது ஒரு விளையாட்டு என்று அவன் மனசைத் தேற்றிக்கொண்டான். வாரத்துக்கு இரண்டு முறை பெற்றவளைப் பார்க்கிற பிள்ளை சிபியூவில் எத்தனை பேர் என்றும் கேட்டுக்கொண்டான். ஆனால் கணக்குச் சரியில்லை என்பது அவனுக்கே தெரியும். பதினொன்றரைக்கு வருவான், ஒன்றுக்குள் போய்விடுவான். அவள் அவனைத் "தம்பி" என்பாள், அவன் அவளைப் "பெரியம்மா" என்பான். பனிக்காலத்தில் வண்டி ஓடாது. கிறிஸ்துமஸுக்கு ஒரு பகல் வந்து, பன்றிக்கறி வறுவல் சாப்பிட்டு, இருட்டுவதற்குள் கிளம்பிவிடுவான். அவன் கட்டிவிட்ட பொய் எப்போதோ நிஜமாகிவிட்டது. இரண்டு பிள்ளைகள், ஸ்டுட்கார்ட் என்பது மட்டும்தான் அதில் பொய்.

அந்த வியாழக்கிழமை வண்டி வந்து நின்றபோது ரோசினா கோட்டை வாசலில் நிற்கவில்லை. கதவு ஏற்கெனவே திறந்திருந்தது. உள்ளே லிண்டன் மரத்தடிக் கல்லில் உட்கார்ந்திருந்தாள். இடது கையை அடுப்படித் துணியால் சுற்றி மடியில் வைத்திருந்தாள்.

அதைப் பார்த்ததும் ஹார்ட்விக்கு அந்தப் போன் ஞாபகம் வந்தது. செவ்வாய்க்கிழமை சாயங்காலம் அவள் போன் பண்ணியிருந்தாள். வேறொரு கூட்டத்தோடு அவன் சாப்பாட்டு மேசையில் இருந்தான். அம்மா என்று தெரிந்தேதான் போனைக் கவிழ்த்து வைத்தான். விறகு தீர்ந்தது, கோழி முட்டை வைக்கவில்லை என்று ஏதாவது இருக்கும், வியாழக்கிழமை போகத்தானே போகிறோம் என்று நினைத்தான். புதன்கிழமை அந்த நினைப்பும் இல்லை.

"என்ன பெரியம்மா, கையில?"

"ஒண்ணுமில்ல தம்பி. அடுப்புல சுட்டுக்கிட்டேன். வந்தவங்களை வெயில்ல நிறுத்தாதீங்க. இன்னிக்கு நீங்களே மேல கூட்டிட்டுப் போயிடுங்க."

மேலே என்றால் கொழுப்புக் கோபுரம். ஊரில் ஆள் இருந்த காலத்தில், ஒவ்வொரு வீட்டுப் பன்றிக்கொழுப்பும் அந்தக் கோபுரத்தில், அந்தந்த வீட்டு முத்திரையோடு, ஆணியில் தொங்கும். ஞாயிற்றுக்கிழமைதான் திறப்பார்கள். அவரவர் பங்கை வாரத்துக்கு அறுத்துக்கொண்டு, அடுத்தவன் கை வைக்காதபடி வெட்டின இடத்தில் மறுபடி முத்திரை குத்திவிட்டுப் போவார்கள். ஹார்ட்விக் இதைத் தூக்கத்தில்கூடச் சொல்வான். அன்றைக்கும் வாய்தான் சொன்னது. பெர்னிலிருந்து வந்த ஊர்ஸ் என்கிற பருத்த மனிதர் தன் வயிற்றைத் தட்டி, "என் பொண்டாட்டி எனக்கு முத்திரை குத்தாம விட்டது தப்பாப் போச்சு" என்றார். கூட்டம் சிரித்தது. ஹார்ட்விக்கும் சிரித்தான். மனசு கீழே அந்தத் துணியிலேயே கிடந்தது.

கூட்டத்தில் ஒருத்தி மட்டும் மேலே ஏறவில்லை. கிராட்ஸிலிருந்து வந்த இர்ம்கார்ட் அம்மாள், ஓய்வு பெற்ற எலும்பு டாக்டர். இவர்கள் இறங்கி வந்தபோது அவள் ரோசினாவின் துணியை அவிழ்த்துவிட்டிருந்தாள். மணிக்கட்டு பொங்கின மாவு மாதிரி வீங்கி, விரல் நுனி வரைக்கும் ஊதாவாகிக் கிடந்தது.

"அடுப்புல சுட்டதாம்!" டாக்டரம்மாள் எல்லாருக்கும் கேட்கிற மாதிரி கத்தினாள். "நாப்பது வருஷம் எலும்பு பார்த்தவ நான். என்கிட்டயே கதையா? செவ்வாய்க்கிழமை அந்தக் கோபுரப் படியில விழுந்திருக்காங்க. மூணு மணி நேரம் கிடந்திருக்காங்க, எழுந்திருக்க முடியாம! பக்கத்து வீட்டு ஃப்ளோரியா ஆட்டைத் தேடிக்கிட்டு வந்தாளாம், அவ தூக்கி விட்டிருக்கா. ஆடு மட்டும் ஓடி வரலேன்னா?"

ஹார்ட்விக் கோபுரத்துப் படியைப் பார்த்தான். இப்போதுதான் எட்டுப் பேரை அதில் ஏற்றி இறக்கியிருந்தான்.

"பிள்ளைக்குப் போன் பண்ணீங்களா?" என்று டாக்டரம்மாள் ரோசினாவைக் கேட்டாள்.

"பண்ணேம்மா. பெரியவனுக்கு."

"எடுத்தானா?"

"வேலையா இருந்திருப்பான்." ரோசினா யார் முகத்தையும் பார்க்காமல் சொன்னாள். "சாப்பாட்டு நேரம் வேற. நாலு பேரைக் கவனிச்சுக்கற வேலை அவனுக்கு. நடுவுல எழுந்து வர முடியுமா?"

அவள் குத்திக் காட்டவில்லை. அது அவள் சுபாவமே இல்லை. பிள்ளைக்கு நல்ல பேர் வாங்கிக் கொடுக்கிறாள், அவ்வளவுதான். ஹார்ட்விக்குக் கன்னத்தில் நாலு அறை வாங்கியிருந்தால்கூட இத்தனை வலித்திருக்காது.

"நல்லா இருக்கு நியாயம்! அவனை நான் நாலு கேள்வி கேக்கறேன்" என்று சொல்லிக்கொண்டே டாக்டரம்மாள் ரோசினாவின் மேலங்கிப் பையிலிருந்து போனை எடுத்துவிட்டாள். "கடைசியா பண்ணின நம்பர்தானே?"

"வேண்டாம்மா, விடுங்க. காசு நிறைய ஆகும்." ரோசினா நல்ல கையை நீட்டினாள். எட்டவில்லை.

ஹார்ட்விக்கின் சட்டைப் பைக்குள் போன் அதிர ஆரம்பித்தது. சத்தத்தைக் காலையிலேயே நிறுத்தி வைத்திருந்தான். நெஞ்சின் மேல் வண்டு மாதிரி குடைந்தது. எல்லாரும் டாக்டரம்மாளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் அசையவில்லை. அது நிற்கும்வரை நின்றான். டாக்டரம்மாள் மறுபடி அழுத்தினாள். மறுபடி குடைந்தது. அப்போதும் நின்றான். அந்த இரண்டு அழைப்பு நேரத்தையும் சாகும்வரை அவனால் மறக்க முடியாது.

"எடுக்கறானா பாரு! இவனெல்லாம் ஒரு பிள்ளையா? பெத்த மனம் பித்துன்னு சும்மாவா சொன்னாங்க. எனக்கு இப்படி ஒண்ணு பிறந்திருந்தா, பிறந்தன்னிக்கே..."

"திட்டாதீங்கம்மா" என்றாள் ரோசினா. "நல்ல பிள்ளைம்மா அவன்."

அதற்கு மேல் அவனால் முடியவில்லை.

"நான்தான்" என்றான்.

"என்ன நீங்கதான்?"

"அந்தப் பிள்ளை நான்தான், டாக்டர். இவங்க என் அம்மா. ஸ்டுட்கார்ட்டும் இல்ல, ஒண்ணும் இல்ல. நான் ஒரே பிள்ளை. செவ்வாய்க்கிழமை போன் வந்தது எனக்குத்தான். பார்த்தேன், எடுக்கல. இப்ப நீங்க பண்ணதும் எனக்குத்தான் வந்தது." பையிலிருந்து போனை எடுத்து நீட்டினான். வியர்வை கண்ணில் இறங்கியது. ஆனாலும் ஏழு வருஷத்தில் முதல் தடவையாக மூச்சு முழுசாக உள்ளே போன மாதிரி இருந்தது.

ஊர்ஸ் குனிந்து திரையைப் படித்தார். "கோட்டைச் சாவின்னு போட்டிருக்கே?"

அப்படித்தான் போட்டு வைத்திருந்தான். கூட்டத்தின் நடுவே அழைப்பு வந்தால் 'அம்மா' என்று யார் கண்ணிலும் பட்டுவிடக் கூடாதே என்று.

ரோசினா சிரித்தாள். கல்லை ஊன்றி மெல்ல எழுந்தாள்.

"அது தம்பி நம்பர்தாம்மா. வண்டி எத்தனை மணிக்கு வரும்னு கேக்கறதுக்குக் காலையில போட்டேன். கடைசி நம்பர்னு நீங்க அதை அழுத்திட்டீங்க. இந்தத் தம்பி இருக்காரே, ரொம்ப இளகின மனசு. என் பிள்ளைங்களை நீங்க திட்டறது எனக்குத் தாங்கலேன்னு பழியைத் தூக்கித் தன் தலையில போட்டுக்கறாரு."

"அம்மா, போதும்மா! சொல்லிடும்மா!"

"அம்மான்னே கூப்பிடறாரு பாருங்க" என்று அவர்களிடம் சொன்னவள், அவன் பக்கம் திரும்பி, வந்தவர்களுக்கு விளங்காத ஊர்ப் பேச்சில் தாழ்ந்த குரலில் சொன்னாள். "வாயை மூடுடா. சோத்துல மண்ணைப் போட்டுக்காதே. இவங்க ஊருக்குப் போய் எழுதினா நாளைக்கு யார் உன்னை வேலைக்கு வச்சுப்பா?"

அவன் அடுக்களைப் பக்கம் திரும்பினான். சுவரில் தன் படம் இருக்கும், கல்யாணப் படம், பள்ளிக்கூடப் படம், கொண்டுவந்து காட்டிவிடலாம் என்று இரண்டடி வைத்தான். அப்புறம்தான் ஞாபகம் வந்தது. வருகிறவர்கள் தண்ணீர் குடிக்க உள்ளே வருகிறார்கள், எடுத்துவிடு என்று அவன்தான் சொன்னான். அவளும் எடுத்துவிட்டாள்.

திரும்பிப் பார்த்தால் டாக்டரம்மாளின் கண் கலங்கியிருந்தது. "உங்களைப் போய்..." என்று அவன் கன்னத்தைத் தட்டினாள். ஊர்ஸ் அவன் தோளை இறுக்கிப் பிடித்து, "பெத்த பிள்ளைகூட இப்படிச் செய்யமாட்டான்யா" என்றார். பின்னால் யாரோ கை தட்டினார்கள். இன்னும் இரண்டு பேர் சேர்ந்துகொண்டார்கள். உண்மையைச் சொன்னதற்காக மனுஷனுக்கு இப்படி ஒரு தண்டனை கிடைக்குமா? முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் ஹார்ட்விக் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அடக்கமான பிள்ளை என்று அதற்கும் ஒரு பாராட்டு கிடைத்தது.

டாக்டரம்மாள் கட்டுப் போட்டாள். சிம்பு வைக்கக் கட்டை எதுவும் அகப்படவில்லை. கம்பெனியின் துண்டுப் புத்தகம் இரண்டைச் சேர்த்து, மணிக்கட்டுக்கு அடியில் கொடுத்து, தன் கழுத்துத் துணியால் சுற்றினாள். 'கடைசிப் பெண்மணி' என்ற எழுத்து வெளியே தெரிந்தது.

அந்தக் கோடையில்தான் வேலைக்குச் சேர்ந்த ஓட்டுநர் சோரின், மெதியாஷ் ஊர் ஆஸ்பத்திரி வாசலில் இருவரையும் இறக்கிவிட்டான். மற்றவர்களை அவனே அடுத்த கோட்டையான பியர்தானுக்குக் கூட்டிப்போவதாக ஏற்பாடு. ஜன்னல் வழியாக ஒன்பது கைகளும் ஆடின. டாக்டரம்மாள், "தம்பி, அவங்களை விட்டுட்டு வந்துடாதீங்க" என்று கத்தினாள். வண்டி திரும்பி மறைந்தது.

உள்ளே எக்ஸ்ரே படம் எடுத்தார்கள். இரண்டு இடத்தில் முறிவு. மாவுக்கட்டுக்கு முன்னால் சீட்டு எழுத வேண்டும் என்று ஒரு மேசையில் உட்கார வைத்தார்கள். கண்ணாடி போட்ட பெண் ஒருத்தி ரோசினாவின் பேர், வயசு, ஊர் எல்லாம் கேட்டு எழுதினாள். அவசரமும் இல்லை, சிடுசிடுப்பும் இல்லை. ஹார்ட்விக் பக்கத்தில் நின்றான். வழியெல்லாம் அவன் வார்த்தை தேடிப் பார்த்தான். என்ன பேசுவது? மன்னிச்சுடும்மா என்றால் எதுக்குடா என்பாள்.

"கூட வந்திருக்கறவர் உங்களுக்கு என்ன வேணும்?" என்று கேட்டாள் அந்தப் பெண், பேனாவைத் தூக்கிப் பிடித்தபடி.

ஹார்ட்விக் வாயைத் திறந்தான். அதற்குள் ரோசினா நாற்காலியில் பாதி திரும்பி, நடைக்கூடத்தின் அந்தக் கோடியைப் பார்த்தாள். இந்தக் கோடியைப் பார்த்தாள். வாசல் கண்ணாடிக் கதவைப் பார்த்தாள். வந்தவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று பார்க்கிறாள் என்பது அவனுக்கு ஒரு கணம் கழித்துத்தான் புரிந்தது. அப்புறம் அவள் அவன் சட்டை நுனியை நல்ல கையால் மெல்ல இழுத்து, ஊர்ப் பேச்சில் கேட்டாள்.

"இங்க சொல்லலாமாடா?"