ஏரி ரொம்பற வரைக்கும்

ஜான் பீயிடம் ஒரு சேதியைச் சொன்னால் அது அவளுக்கு முன்னால் கடைத்தெருவுக்குப் போய்ச் சேர்ந்துவிடும் என்பது நாவலேரிப்பட்டியில் எல்லாருக்கும் தெரிந்த விஷயம். இதை ஊரெல்லாம் சொல்லி வைத்ததே அவள் புருஷன், புளி வியாபாரி நசீருதீன்தான். அப்பேர்ப்பட்டவள் அந்த வாரம் முழுக்க வாயைத் திறக்காமல் நடமாடினாள். பல்வலியா என்று கேட்டார்கள். ஆமாம் என்று தலையாட்டி வைத்தாள்.

பல்லுக்கு ஒன்றுமில்லை. சிஸ்டரம்மா ஊரை விட்டுப் போகிறார். அதை யாரிடமும் சொல்லக்கூடாது என்று ஜான் பீயிடம் சத்தியம் வாங்கியிருந்தார்.

சிஸ்டரம்மாவின் பெயர் இங்கெர். டென்மார்க் தேசத்து நர்ஸ். பாப்பிரெட்டிப்பட்டி தாண்டி, சித்தேரி மலையடிவாரத்தில் மிஷன் கட்டிய சின்ன ஆஸ்பத்திரிக்கு வந்து பத்து வருஷமாகிறது. இங்கெர் என்ற பெயர் ஊர்க்காரர்கள் வாயில் புரளவில்லை, இஞ்சியம்மா ஆக்கிவிட்டார்கள். அவரும் அதற்கே திரும்பிப் பார்க்கப் பழகிக்கொண்டார். தமிழை அவர் கற்றது மிஷனின் மொழிப் பள்ளிக்கூடத்தில், வேதாகமத்தை வைத்து. அதனால் சிரங்குக்கு மருந்து போடும்போதுகூட, “சஞ்சலப்படாதே, இந்த உபாதை க்ஷணத்தில் நீங்கும்” என்பார். அழுதுகொண்டிருக்கிற பிள்ளை அழுகையை மறந்து வாயைப் பிளக்கும். அதற்குள் மருந்து போட்டாகிவிடும்.

ஜான் பீக்கு முதல் பிள்ளை பிறந்த அன்றே இறந்தது. அன்றைக்குப் பொழுதெல்லாம் இஞ்சியம்மா கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். பிடித்த கையை விடவில்லை. உடம்பு தேறியதும், “வீட்டில் தனியாக இருக்காதே, இங்கே வந்து ஊசிகளைக் கொதிக்க வை” என்றார். அன்று வந்தவள்தான். இந்த உலகத்தில் தன் ஆத்தாவுக்கு அடுத்தபடி அவள் உசுரை வைத்திருந்தது இந்த வெள்ளைக்காரி மேல்தான்.

அவரைத் திருப்பிக் கூப்பிடுகிற மிஷன்காரர்களையும் குறை சொல்ல முடியாது. பத்து வருஷத்தில் நாவலேரிப்பட்டியில் ஒருவர்கூட ஞானஸ்நானம் எடுத்துக்கொள்ளவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஜெபத்துக்கு வருவது கம்பவுண்டர் குடும்பம் ஒன்றுதான். அவர்கள் அரூரிலிருந்து வரும்போதே கிறிஸ்தவர்கள். மற்றவர்களுக்கு இஞ்சியம்மாவின் சாமி மேல் மரியாதை இல்லாமலில்லை. ஊர்க்கவுண்டர் மாரப்பன் பெண்டாட்டி ராமக்காள், இஞ்சியம்மா கொடுத்த யேசு படத்தை மாரியம்மன் படத்துக்குப் பக்கத்திலேயே மாட்டி, அதற்கும் குங்குமம் வைத்திருந்தாள். முதலில் அதைப் பார்த்து இஞ்சியம்மாவுக்கு மூச்சு நின்றுவிட்டது. “ராமக்கா, அவர் ஒருவரே கடவுள்” என்றார். “அதுக்குத்தானுங்க மொத பொட்டு அவருக்கு வெக்கறேன்” என்றாள் ராமக்காள். அதற்கு என்ன பதில் சொல்வதென்று மொழிப் பள்ளிக்கூடத்தில் யாரும் கற்றுத்தரவில்லை.

அந்தத் திங்கட்கிழமை மிஷன் பெரியவர் தேவசகாயம் ஐயா சேலத்திலிருந்து ஜீப்பில் வந்தார். நல்ல மனிதர்; சுற்றி வளைத்துத்தான் சொன்னார். பலனில்லாத இடத்தில் இனியும் செலவழிக்க முடியாது, ஆஸ்பத்திரியை மூடிவிட்டு வேறு பக்கம் போக வேண்டும், சனிக்கிழமை ஜீப்போடு வருகிறேன் என்றார். இஞ்சியம்மா தலையசைத்தார். பெரியவர் போனதும் ஜான் பீயின் கையைப் பிடித்து, “யாரிடமும் சொல்லாதே. அவர்கள் முகங்களைப் பார்த்து விடைபெற என்னால் இயலாது” என்றார்.

அது மழையில்லாத இரண்டாவது வருஷம். தருமபுரி தனி ஜில்லாவான கையோடு வானம் கதவைச் சாத்திக்கொண்டது என்று மாரப்பன் கவுண்டர் கலெக்டரைத் திட்டிக்கொண்டிருந்தார். கிணறுகளில் சேறு மிஞ்சியது. ஏரிக்குள் ஆடு மேய்ந்தது. அரூரில் முஸ்லிம்கள் எல்லாரும் வெட்டவெளியில் கூடி மழைத் தொழுகை நடத்தினார்கள். நசீருதீன் போய்த் தொழுதுவிட்டு, தலையில் வெயில் ஏறித் திரும்பி வந்தான். கம்பவுண்டர் வீட்டில் உபவாச ஜெபம் நடந்தது. கடைசியில் ஊர்ப் பெண்கள் மழைச்சோறு எடுக்கக் கிளம்பினார்கள்.

மழைச்சோறு என்றால், ஊரில் ஒரு வீடு பாக்கியில்லாமல் ஒவ்வொரு அடுப்பிலிருந்தும் உப்பில்லாத கஞ்சி வாங்கி, ஒரே பானையில் கலந்து, காய்ந்த ஏரியில் உட்கார்ந்து குடித்துவிட்டு ஒப்பாரி வைப்பது. அது முடிந்ததும் மூட்டை முடிச்சோடு, “இந்த ஊரு வேணாம், நாங்க பரதேசம் போறோம்” என்று அழுதபடி ஊர் எல்லைக்கு நடப்பார்கள். எல்லையில் ஆண்கள் வந்து மறித்துத் திருப்பிக் கூப்பிட வேண்டும். பெண்கள் ஊரை விட்டுப் போவதைப் பார்த்து வானத்துக்கு மனசு இளகும் என்பது கணக்கு. இதற்கு முன்னால் எடுத்தது இஞ்சியம்மா வருவதற்கும் முன்னால்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ராமக்காள் பானையோடு ஆஸ்பத்திரி வாசலில் வந்து நின்றாள். பின்னால் ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும். ஜான் பீ தன் வீட்டுக் கஞ்சியைக் காலையிலேயே ஊற்றியிருந்தாள். தொழுதும் வரவில்லை, கஞ்சிக்காவது வருகிறதா பார்க்கலாம் என்று நசீருதீனே அடுப்பை ஊதிக் கொடுத்தான்.

“இஞ்சியம்மா, மழைக்குக் கஞ்சி ஊத்துங்க. உப்புப் போடாம” என்றாள் ராமக்காள்.

“இது எந்த தெய்வத்துக்கு?”

“வானத்துக்குத்தானுங்க.”

இஞ்சியம்மா யோசித்தார். “மிஷன் கோதுமை இருக்கிறது. ஒரு மூட்டை எடுத்துக்கொள்ளுங்கள்” என்றார்.

ராமக்காளுக்கு முகம் சிவந்தது. “பசின்னா நாங்களே கேட்டு வாங்கிக்குவோமுங்க. இது பிச்ச இல்ல. ஊர்ல பொகையற அடுப்பு அல்லாத்துலயும் ஒரு கரண்டி வரணும்.”

“அது வூடா? ஆஸ்பத்திரிதான, வுடுக்கா” என்றாள் பின்னாலிருந்து குள்ளம்மாள். அவள் ஏழு மாதக் கர்ப்பிணி, வெயில் தாங்கவில்லை.

“பத்து வருசமா பொகையுது. வூடு இல்லாம என்னா?” என்று அவளை அதட்டினாள் ராமக்காள்.

அந்த வார்த்தைதான் இஞ்சியம்மாவைத் தைத்தது. நாளைக்கு அணையப் போகிற அடுப்பு. உள்ளே நாலு தகரப் பெட்டிகள் பூட்டித் தயாராக நின்றன. இந்த ஊர் வீடு என்று சொல்லி ஊற்றினால் அது பொய்யாகிவிடும். “நான் கொடுக்கக் கூடாது. என்னை மன்னியுங்கள்” என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

அவர் சாமிதான் குறுக்கே நிற்கிறது என்று பெண்கள் நினைத்துக்கொண்டார்கள். கோபித்துக்கொள்ளக்கூட இல்லை, முகம் தொங்கிப்போய்த் திரும்பினார்கள். ஜான் பீக்குக் கத்திச் சொல்லிவிடலாம் போலிருந்தது. கொடுத்த வாக்கு நாக்கைக் கட்டிப்போட்டது. உள்ளே போய், ஏற்கெனவே கொதித்த ஊசிகளை மறுபடி கொதிக்க வைத்தாள்.

பொழுது சாயும் நேரம் ஏரிப்பக்கமிருந்து ஒப்பாரி கேட்டது. கொஞ்ச நேரத்தில் ஆஸ்பத்திரிக்கு எதிரே ரோட்டில் ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் வந்தார்கள். தலையில் துணிமூட்டை, இடுப்பில் பிள்ளை, கையில் முறமும் விளக்குமாறும். ஒருத்தி ஆட்டுக்குட்டியைக்கூட இழுத்துக்கொண்டு வந்தாள். மழைக்காக என்று தொடங்கிய அழுகை, செத்த மாடும் காய்ந்த கம்பும் நினைவுக்கு வந்ததில் நிஜ அழுகையாகவே ஆகிவிட்டிருந்தது.

இஞ்சியம்மா ஜன்னலருகே ஓடி வந்தார். “ஜான் பீ! இவர்கள் எங்கே போகிறார்கள்?”

சாங்கியம் சிஸ்டரம்மா, எல்லை வரைக்கும் போய்த் திரும்பி வந்துடுவாங்க. இவ்வளவுதான் சொல்ல வேண்டியது. வார்த்தை நாக்கு நுனிக்கு வந்தது. யாரும் சத்தியம் வாங்காமலே, வாழ்க்கையில் முதல் தடவையாக ஜான் பீ வந்த வார்த்தையை விழுங்கினாள்.

“ஊர வுட்டுப் போறாங்க சிஸ்டரம்மா” என்றாள். “தண்ணியில்லாத ஊர்ல எப்பிடி இருக்கறது?”

இஞ்சியம்மா செருப்புக்கூடப் போடவில்லை. ஓடினார். ஐம்பது வயசுக்காரி அப்படி ஓடி ஜான் பீ பார்த்ததில்லை. இவளும் முக்காட்டைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஓடினாள். எல்லைக் கல்லுக்குக் கொஞ்சம் முன்னால் இஞ்சியம்மா கூட்டத்துக்கு முந்திக்கொண்டு போய், இரண்டு கையையும் விரித்து ரோட்டை மறித்தார்.

“போகாதிருங்கள்! குள்ளம்மா, உன் வயிற்றில் குழந்தை இருக்கிறது, நீ அரூர் வரைக்கும் நடக்கலாகாது. கண்ணம்மா, உன் பிள்ளைக்குக் காய்ச்சல் விடவில்லை. எங்கே போவீர்கள்? யார் உங்களைப் பார்ப்பார்கள்?”

சின்னப் பெண்கள் இரண்டு பேர் களுக்கென்று சிரித்தார்கள். ராமக்காள் முழங்கையால் ஒரு இடி இடித்தாள். மறிக்க வேண்டிய ஆண்கள் இன்னும் வந்து சேரவில்லை. டீக்கடையில் மாரப்பன் கவுண்டர் பேச ஆரம்பித்தால் அப்படித்தான். ஆனால் யாரோ ஒருவர் மறித்துவிட்ட பிறகு கேட்க வேண்டியதைக் கேட்காமல் விடக்கூடாது. ராமக்காள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, முறைப்படி கேட்டாள்.

“மழயத்த ஊர்ல எங்களுக்கு ஆரு இருக்கா?”

“நான் இருக்கிறேன்” என்றார் இஞ்சியம்மா.

சொன்ன பிறகுதான் சொன்னது அவர் காதிலேயே விழுந்தது. விரித்த கைகள் மெதுவாக இறங்கின. ராமக்காள் மூட்டையைத் தரையில் வைத்தாள். அவளைப் பார்த்து எல்லாரும் வைத்தார்கள். அந்த நேரம் பார்த்து ஆண்கள் மூச்சிரைக்க வந்து சேர்ந்தார்கள்.

“அட, நாங்க கூப்புட வேண்டியதுங்களே!” என்றார் மாரப்பன் கவுண்டர், வேலையைப் பறிகொடுத்த வருத்தத்தோடு.

இஞ்சியம்மா ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். சிரிப்பை அடக்கிக்கொண்டு நிற்கிற சின்னப் பெண்களைப் பார்த்ததும் விளங்கிவிட்டது. “இது ஒரு சடங்கா?” என்று ஜான் பீயிடம் திரும்பினார். “ஏன் என்னிடம் சொல்லவில்லை?”

“சொல்லாதன்னு நீங்க சத்தியம் வாங்குனதே எனக்குப் பாரமுங்க. இதுல நானா ஒன்னச் சொல்லாம இருந்தேன். அடிக்கறதுன்னா அடிச்சிருங்க.” ஜான் பீ அழுதாள்.

என்ன சத்தியம் என்று கூட்டம் கேட்டது. இஞ்சியம்மா மறைக்கவில்லை. “நாளைக்கு நான் போக வேண்டும். ஆஸ்பத்திரியை மூடுகிறார்கள்” என்றார்.

ராமக்காள்தான் முதலில் வாயைத் திறந்தாள்.

“அதெப்பிடிங்க போவ முடியும்? கூப்ட்டுத் திருப்புனவங்க, ஏரி ரொம்பற வரைக்கும் ஊர்ல இருக்கணும். அதான் மொறை. அவங்க போனா நாங்க அல்லாரும் போவணும்.”

மாரப்பன் கவுண்டர் வாயைத் திறந்தார். அப்படி ஒரு முறை அவர் காலத்திலும் இல்லை, அவர் தாத்தா காலத்திலும் இல்லை. ராமக்காள் ஒரு பார்வை பார்த்தாள். கவுண்டர், “ஆமாமா, மொறைதான்” என்றார்.

மறுநாள் காலையில் தேவசகாயம் ஐயா ஜீப்போடு வந்தபோது பெட்டிகள் திறந்து கிடந்தன. மருந்து பாட்டில்கள் பழையபடி அலமாரியில் இருந்தன. ஆஸ்பத்திரி வாசலில் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். பரதேசம் போகத் தயாராக மூட்டைகளையும் கொண்டுவந்திருந்தார்கள். நடந்ததை இஞ்சியம்மா சொல்லச் சொல்லப் பெரியவர் முகம் இறுகியது.

“சிஸ்டர், அது அவர்களுடைய வழிபாடு. அதில் நீங்கள் போய் நிற்கலாமா?”

“ஐயா, பத்து வருஷம் நான் இவர்களை அழைத்தேன். ஒருவரும் வரவில்லை. நேற்று அழைத்தேன், எல்லாரும் திரும்பினார்கள். இப்போது நான் எப்படிப் போவேன்?”

பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வாசலிலிருந்த மூட்டைகளைப் பார்த்தார். அவரும் இந்தச் சீமையில் பிறந்தவர்தான்; அப்படி ஒரு முறை கிடையாது என்பது அவருக்கும் தெரியாமலா இருக்கும்? “சரி, ஏரி நிரம்பும் வரைக்கும். மேலிடத்தில் நான் பேசிக்கொள்கிறேன்” என்று சொல்லி, காலி ஜீப்போடு திரும்பினார்.

அன்றிலிருந்து ஜான் பீக்குத் தொழுகையில் ஒரு புதுச் சிக்கல். மழை வேண்டும், மழையில்லாமல் பிள்ளைகள் என்ன குடிக்கும்? ஆனால் ஏரி நிரம்பிவிட்டால்? கடைசியில் துணிந்து உள்ளபடியே கேட்டுவிட்டாள். யா அல்லா, கிணறெல்லாம் ரொம்பட்டும், கம்பும் சோளமும் விளையட்டும், ஏரி மட்டும் ஒரு சாண் குறையட்டும். இதை ராமக்காளிடம் ரகசியமாகச் சொன்னாள். தானும் மாரியம்மனிடம் அப்படியேதான் வேண்டிக்கொண்டதாக அவள் சொன்னாள். பக்கத்துப் படத்திலிருந்த யேசுவிடமும்தான்.

ஐப்பசியில் மழை வந்தது. யார் கேட்டதற்கு வந்தது என்று டீக்கடையில் தை வரைக்கும் சண்டை நடந்தது. கிணறுகள் ஏறின, ஏரி முக்காலுக்கு நின்றது. அதற்கடுத்த வருஷங்களிலும் ஏரி முழுசாக நிரம்பவில்லை. பெரியவர் வரும்போதெல்லாம், “ஏரி?” என்பார். “இல்லீங்க” என்று ஊரே பதில் சொல்லும். அவரும் தலையசைத்துவிட்டு டீ குடித்துவிட்டுப் போவார்.

பிறகு ஒரு கார்த்திகையில் விடாமல் அடித்தது. மலையிலிருந்து ஓடையெல்லாம் சேர்ந்து இறங்கி, விடியும்போது ஏரி கரை தொட்டு நின்றது. சேதி கேட்டு இஞ்சியம்மா வந்தார். பின்னால் ஜான் பீயும் வந்தாள். ஊர் முழுக்கக் கரையில் நின்றது. உபரி நீர் போகிற மறுகாலில் தண்ணீர் சலசலவென்று வழிந்து ஓடிக்கொண்டிருந்தது. ராமக்காள் அந்த ஓட்டத்துக்கு நடுவிலேயே முழங்கால் தண்ணீரில், புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு நின்றாள்.

எல்லாரும் இஞ்சியம்மாவின் முகத்தையே பார்த்தார்கள். பொய் சொல்லத் தெரியாத மனுஷி, ஒரு கரண்டிக் கஞ்சிக்குக்கூடப் பொய்யாகிவிடுமென்று பயந்தவர். ஜான் பீ கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

இஞ்சியம்மா ஏரியை இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை வரைக்கும் நிதானமாகப் பார்த்தார். வழிகிற தண்ணீரைப் பார்த்தார். அதில் நிற்கிற ராமக்காளைப் பார்த்தார்.

“இன்னும் கொஞ்சம் ரொம்பணுமுங்க” என்றார்.