மேல்கட்டில் குரல்

பெயின்டர் கம்பிக்காரருக்குத் தர வேண்டிய கடன் பதினெட்டாயிரத்து நானூறு. இரண்டு பேருக்கும் ஒரே அறை, ஒரே அடுக்குக் கட்டில். மேலே பெயின்டர், கீழே கம்பிக்காரர். கடன் கொடுத்தவர் தலைக்கு மேலேயே வாங்கியவன் காலை நீட்டிப் படுத்திருந்தான். ஆனாலும் கம்பிக்காரர் இத்தனை நாளில் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

பெரிய கட்டிட வேலை அது. ஒரு பக்கம் தூணுக்குக் கம்பி கட்டிக்கொண்டிருக்கும்போதே மறுபக்கம் சுவருக்குப் பட்டி பார்த்துத் தேய்ப்பார்கள். ஆட்கள் தங்கத் தகரத்தில் அறை அடித்துக் கொடுத்திருந்தார்கள். வேலை விட்டு வந்ததும் குளியல், பொட்டலச் சாப்பாடு, அப்புறம் ஆளுக்கொரு போன். பெயின்டர் இரண்டு காதிலும் ஒயரைச் செருகிக்கொண்டு ஏணியில் ஏறிவிடுவான். கம்பிக்காரர் சுவர்ப் பக்கம் திரும்பிச் சண்டைப் படத் துண்டுகளாகப் பார்த்துக்கொண்டிருப்பார்.

பெயின்டர் பார்த்தது ஒரு பெண் நேரலையில் பாடுவதை. மைனா என்று பெயர் வைத்திருந்தாள். பாட்டு அப்படியொன்றும் பிரமாதம் இல்லை. ஆனால் இடையில் பேர் சொல்லிக் கூப்பிடுவாள். "பெயின்டர் அண்ணா வந்தாச்சா? சாப்டீங்களா? உங்க முகம் வாடியிருக்கிற மாதிரி எனக்குத் தோணுதே!" அவன் முகத்தை அவள் பார்த்ததே இல்லை. இருந்தாலும் நாள் முழுக்கச் சுவரைத் தேய்த்து, தொண்டையெல்லாம் வெள்ளைத் தூளோடு வந்து படுத்தவனுக்கு அந்த ஒரு கேள்வியில் கண் கலங்கிவிடும். வீட்டுக்காரி போன் செய்தால் முதல் வார்த்தையே "காசு போட்டாச்சா?" என்பதுதான். அவள் பாடு அவளுக்கு.

பேர் சொல்லிக் கூப்பிடுவது சும்மா இல்லை. காசு கட்டி ரோஜாப்பூப் படம் போட்டால் ஒரு தரம் சொல்வாள். கிரீடம் போட்டால் மூன்று தரம். கிரீடத்தின் விலை அவனுடைய ஒரு நாள் கூலி. படம்தானே என்று போட்டான். போகப் போகக் கூலி போதவில்லை. பையனுக்குப் பள்ளிக்கூட ஃபீஸ் என்று பொய் சொல்லிக் கம்பிக்காரரிடம் வாங்க ஆரம்பித்தான். அவர் எண்ணிக்கூடப் பார்க்காமல் எடுத்துக் கொடுத்தார். "எப்ப முடியுமோ அப்பக் குடு தம்பி. நீ ஓடியா போகப் போற?"

பெயின்டருக்கு எழுத்துக் கூட்டிப் படிக்க வரும், எழுத வராது. போனில் மைக் படத்தை அமுக்கிப் பேசினால் அதுவே எழுதிக்கொள்ளும் என்று யாரோ காட்டிக் கொடுத்திருந்தார்கள். அதனால் மைனாவுக்குச் சொல்ல வேண்டியதையெல்லாம் வாய்விட்டே சொல்லுவான். "சாப்டாச்சா? ஒடம்பப் பாத்துக்கணும். ரொம்ப நேரம் முழிச்சிருக்கக் கூடாது."

அந்த வருடம் கம்பிக்காரரின் தோள்பட்டை இறுகிப்போனது. வலது கை காதுக்கு மேல் எழவில்லை. ஒரு நாள் சாயங்காலம் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"தம்பி, தப்பா நெனச்சுக்காத. கை சுத்தமா முடியல. ஊருக்குப் போய் வைத்தியம் பாக்கலாம்னு இருக்கேன். அந்தக் காசுல பாதியாச்சும் கெடைக்குமா?"

"ஞாயித்துக்கெழமைக்குள்ள தந்துடறேண்ணே."

பொய்யாகச் சொல்லவில்லை. அவனிடம் ஒரு திட்டம் இருந்தது. இத்தனை நாள் அண்ணா அண்ணா என்றவள், ஆபத்துக்கு உதவ மாட்டாளா? அன்றைக்கு மைனா பாடிக்கொண்டிருக்கும்போதே, கம்பிக்காரர் காதில் விழாதபடி அறைக்கு வெளியே போய் மைக்கை அமுக்கிச் சொன்னான்: "மைனா, நான் பெயின்டர் அண்ணன். அவசரம்மா. நான் போட்டதுல ஒரு பத்தாயிரம் மட்டும் திருப்பிக் குடு. அடுத்த மாசம் மறுபடியும் போட்டுடறேன்."

அவள் அதைப் படித்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். "ஐயோ, இங்க பாருங்க! பெயின்டர் அண்ணா கிரீடத்தத் திருப்பிக் கேக்குறாரு! தலையில வச்சதப் புடுங்கினா முடி கலைஞ்சுடாதாண்ணா?" பார்த்துக்கொண்டிருந்த கூட்டமும் சேர்ந்துகொண்டது. 'அடகுக் கடைக்குப் போய்யா', 'ரோஜா வாடிப்போச்சாம், பாதி விலைக்கு எடுத்துக்கோ' என்று வரிசையாக ஓடியது. "வெளையாட்டு இல்லம்மா" என்று அவன் சொல்லி முடிப்பதற்குள் திரை கறுத்துவிட்டது. அவனை நேரலையிலிருந்து வெளியே தள்ளிவிட்டார்கள்.

மைனாவும் கல்நெஞ்சுக்காரி இல்லை. பணத்தைத் திருப்பிக் கேட்கிறவனை அந்த நிமிடமே நீக்க வேண்டும் என்பது அவளை வேலைக்கு வைத்த கம்பெனியின் கண்டிப்பு. கிரீடத்தில் பெரும் பங்கு அவர்களுக்குத்தான். சாப்பிட்டீர்களா என்று கேட்கச் சொல்லிக் கொடுத்ததும் அவர்கள்தான். விளக்கு வெளிச்சத்தில் வேர்த்துக்கொண்டு அவள் மதியத்திலிருந்து பட்டினியாகத்தான் பாடிக்கொண்டிருந்தாள். சாப்பிட்டாயா என்று கேட்க அவள் அறையிலும் ஆள் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை கம்பிக்காரர் அறை வாசலில் உட்கார்ந்து, ஒற்றைக் கையால் சட்டைக்குச் சோப்புப் போட்டுக்கொண்டிருந்தார். பெயின்டர் எதிரில் வந்து குத்தவைத்தான்.

"அண்ணே, ஃபீஸுன்னு சொன்னது பொய்யிண்ணே."

எல்லாவற்றையும் கொட்டிவிட்டான். கம்பிக்காரர் சோப்பை வைத்துவிட்டுக் கேட்டார்.

"அந்தப் பொண்ண நேர்ல பாத்திருக்கியா?"

"இல்லண்ணே."

"அட கிறுக்கா! ஊர்ல உள்ள செவுத்துக்கெல்லாம் அடிச்சுட்டு, கடைசில காத்துக்குப் பெயின்ட் அடிச்சிருக்கியேய்யா."

திட்டுவார், அடிப்பார் என்று எதிர்பார்த்து வந்தவனுக்கு உயிர் வந்தது. ஆனால் அவர் இன்னொன்று கேட்டார்.

"சரி, காசு போவுது. தெனம் படுத்தப்புறம் மேலேருந்து கேப்பியே, சாப்டாச்சா, ஒடம்பப் பாத்துக்கணும்னு? அது?"

பெயின்டருக்குப் புரியவில்லை. "எதுண்ணே?"

"நானும் கீழேருந்து 'ஆச்சுப்பா, நீ?'ன்னு சொல்லுவேனே. நீ பதில் பேச மாட்ட. அசதியில தூங்கிட்ட போலன்னு விட்டுடுவேன்."

காதில் ஒயர் இருந்தவனுக்கு அது ஒரு நாளும் கேட்டதில்லை. இப்போது ஒரு பொய் சொன்னால் போதும், அவர் மனசு குளிர்ந்துவிடும். ஆனால் பொய் சொல்லிச் சொல்லியே அலுத்துப் போயிருந்தான். தலையைக் குனிந்துகொண்டான்.

"அது அவகிட்டக் கேட்டதுண்ணே."

பணம் போனதைக் கேட்டபோது மாறாத முகம் அப்போது மாறியது. கம்பிக்காரருக்கு மனைவி இல்லை. மகள் பேசுவதை நிறுத்தி வருடக்கணக்காகிறது. அவரைச் சாப்பிட்டாச்சா என்று கேட்க உலகத்தில் ஒரே ஒருவன் மேல்கட்டிலில் இருக்கிறான் என்று நம்பித்தான் எண்ணாமல் கொடுத்தார். எழுந்து உள்ளே போய்ச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். சட்டை வாளியிலேயே ஊறியது.

ஊருக்குப் போவது தள்ளிப்போனது. தோள் வலியோடு உட்கார்ந்து செய்கிற வேலையாகக் கேட்டு வாங்கிச் செய்தார். பெயின்டர் அந்தச் செயலியை நீக்கினான். கூலி வாங்கிய கையோடு ஒரு பங்கை அவர் தலையணை மேல் வைப்பான். அவர் எடுத்துக்கொள்வார். பேச்சு இல்லை. மேலே கட்டில் கிரீச்சிட்டால் கீழே கேட்கும், கீழே இருமினால் மேலே கேட்கும். அவ்வளவுதான். ஒரு அறைக்குள் இரண்டு பேர் இப்படியும் தனியாக இருக்க முடியும் என்று அவன் நினைத்துப் பார்த்ததே இல்லை.

கடைசித் தவணையைத் தலையணை மேல் வைக்காமல் அவர் கையில் கொடுத்தான். கம்பிக்காரர் மூட்டை கட்டி முடித்திருந்தார்.

"கணக்கு முடிஞ்சுதுண்ணே. மன்னிச்சிடுங்க."

அவர் இந்தத் தடவை எண்ணிப் பார்த்தார். பிறகு முதல் முறையாக அவன் முகத்தை நேராகப் பார்த்தார்.

"உன்ன மட்டும் சொல்லிக் குத்தமில்ல தம்பி. ஒரு நாள் தலையத் தூக்கி மேல பாத்திருந்தா, உன் காதுல ஒயர் இருந்தது எனக்குத் தெரிஞ்சிருக்கும். நான் பாக்கலையே. என் கையிலயும் போன் இருந்துச்சு. சண்டையப் பாத்துக்கிட்டேதான் உனக்குப் பதில் சொன்னேன்."

பெயின்டர் ஏணியின் கீழ்ப்படியில் உட்கார்ந்தான்.

"பாட்டு கேளு, படம் பாரு, சிரி. ஒழைக்கிறவனுக்கு அதெல்லாம் வேணும். ஆனா ஒருத்தர் நம்ம பேரச் சொல்றதுக்குக் காசு கேட்டா, அது வியாபாரம், பாசம் இல்ல. பாசத்துக்கு மொகத்தப் பாக்கணும். அத நாம ரெண்டு பேருமே செய்யல."

பணத்தை மடித்துச் சட்டையின் உள்பையில் வைத்துப் பொத்தானைப் போட்டார்.

"மூட்டைய ஒரு கை புடி. வாசல் கேட்டு வரைக்கும் வா. இனி நீ எனக்கு ஒண்ணும் தர வேண்டியதில்ல."